மடித்து வைத்த மறுப்பு

"யூ ஆர் ராங், சார்."

ஜன்னல் கண்ணாடியைப் பார்த்துத்தான் சுகிர்தா அதைச் சொன்னாள். மனசுக்குள் சொல்வதாகத்தான் நினைப்பு. காதில் இயர்போன், வெளியே ஐப்பசி மழை, மடியில் நாலாம் வகுப்புப் பிள்ளைகளின் கட்டுரை நோட்டுகள்... கரிவலம்வந்தநல்லூர் பள்ளிக்கூடத்தில் நாள் முழுக்க இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்துவிட்டு சங்கரன்கோவில் வீட்டுக்குத் திரும்புகிற சாயங்கால பஸ். அந்த அரை மணி நேரம்தான் அவளுக்கு ஒத்திகை நேரம். 'சார்' என்று ஒரு ஆளே கிடையாது. ஞாயிற்றுக்கிழமை இங்கிலீஷ் விவாத மன்றத்தில் அவளுக்கு எதிரே நிற்கப்போகும் யாரோ ஒருவர், அவ்வளவுதான்.

கண்ணைத் திருப்பினால்... டிரைவருக்குப் பின்னால் கம்பியில் சாய்ந்துகொண்டு, பின்பக்கம் பார்த்து ஒருத்தன் நிற்கிறான். காலடியில் நூல் மூட்டை. பார்வை முழுக்க இவள் மேல். மற்றவர்கள் பிடிபட்டால் உடனே மழையை வேடிக்கை பார்ப்பார்கள். இவனுக்கு அந்த மரியாதைகூடத் தெரியவில்லை.

இயர்போனைப் பிடுங்கினாள். என்ன பார்வை வேண்டிக் கிடக்கு என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள்.

"நீங்கதான என்னையத் தப்புன்னு சொன்னீய. நான் என்ன தப்பு செஞ்சேன்னு யோசிக்கேன்."

அது பேச்சா, கோயில் கொடை மைக் செட்டா... பஸ் மொத்தமும் திரும்பிப் பார்த்தது. கண்டக்டர் டிக்கெட் கிழித்த கையோடு நின்றார். சுகிர்தாவுக்குக் காது வரை சூடு. ஐயோ, இயர்போன் மாட்டியிருந்ததில் சத்தமாகச் சொல்லித் தொலைத்துவிட்டோம் போல... அசடு வழிய, உங்களைச் சொல்லவில்லை, பேச்சுப் போட்டிக்குத் தயாராகிறேன், தயவுசெய்து கொஞ்சம் மெதுவாகப் பேசுங்கள் என்றாள்.

"மெதுவாத்தான பேசுதேன்" என்றான் அவன், அதே சத்தத்தில். முகத்தில் உண்மையான குழப்பம்.

அவளுக்கு வந்த சிரிப்பை நோட்டுக்குள் முகம் புதைத்து மறைக்க வேண்டியதாயிற்று. இறங்கும்போது ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, திரும்பிப் பார்த்தாள். அவன் தலைமுடியிலும் கண் இமையிலும் பஞ்சுத்தூசி ஒட்டியிருந்தது. அந்த வெள்ளை இமைக்குள் கண்கள் மட்டும் கன்னங்கரேலென்று... சீ, என்ன இது, முன்பின் தெரியாதவன் கண்ணைப் பற்றி இவ்வளவு யோசனை என்று தன்னைத்தானே அதட்டிக்கொண்டு நடந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு அவன் மாடிப்படி ஏறி வந்து நின்றான்.

பேங்க் மேனேஜராக இருந்து ஓய்வு பெற்ற ஹஸ்னா பானு மேடம் வீட்டு மாடிதான் மன்றம். இரண்டு வக்கீல்கள், ஒரு மருந்துக்கடைக்காரர், நாலைந்து காலேஜ் பிள்ளைகள் என்று பன்னிரண்டு பேர் கூடுவார்கள். இவன் பதிமூன்றாவது. பெயர் சாம்சன். சொந்தமாக விசைத்தறிக் கூடம் வைத்திருக்கிறானாம். துணி வாங்க வெளியூரிலிருந்து வருகிறவர்கள் இங்கிலீஷில் குறை சொல்கிறார்கள், குறை இல்லை என்று நிரூபிக்க வார்த்தை தெரியாமல் பூம்பூம் மாடு மாதிரி தலையாட்டி அனுப்புகிறேன் என்றான். பஸ்ஸில் 'பேச்சுப் போட்டி' என்ற சொல் காதில் விழுந்ததும் விசாரித்துக்கொண்டு வந்துவிட்டானாம். பிறந்ததிலிருந்து தறிச் சத்தத்துக்குள்ளேயே பேசிப் பேசி அவன் தொண்டை அப்படி ஆகிவிட்டது என்பதும் அன்றைக்குத்தான் தெரிந்தது. சண்டைக்காரன் என்று நினைத்ததற்காக சுகிர்தா கொஞ்சம் வருத்தப்பட்டாள்.

மேடம் மன்றத்துக்கு ஒரு சட்டம் வைத்திருந்தார். எதிராளி சொன்னதை மறுப்பதற்கு முன்னால், அதை உன் வாயால் திருப்பிச் சொல்ல வேண்டும். 'ஆமா, அதைத்தான் சொன்னேன்' என்று எதிராளி ஒப்புக்கொண்ட பிறகுதான் மறுப்பு. முதல் வாரம் சாம்சனுக்கு அது பெரிய தலைவேதனையாக இருந்தது. ஏற்கெனவே சொன்னதை எதற்கு இன்னொரு தடவை சொல்ல வேண்டும் என்று கேட்டான். மேடம் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, பாதிச் சண்டை அதிலேயே தீர்ந்துபோகும் தம்பி என்றார்.

அதன்பிறகு புதன்கிழமைதோறும் அதே சாயங்கால பஸ். ராஜபாளையத்தில் நூல் எடுத்துக்கொண்டு அவன் வருவான். கரிவலத்தில் அவள் ஏறுவாள். பஸ் காலியாகக் கிடந்தாலும் அவன் உட்கார மாட்டான்... அந்தக் கம்பியில் சாய்ந்து, பின்பக்கம் பார்த்துத்தான் நிற்பான். சங்கரன்கோவிலில் இறங்கி தெற்கு ரத வீதி வரை சேர்ந்து நடக்கிற அந்தப் பத்து நிமிஷம்தான் அவர்களுக்கு வகுப்பு.

ரிஜெக்ட்டுக்கும் ரிஃப்யூட்டுக்கும் என்ன வித்தியாசம் என்று ஒருநாள் கேட்டான்.

"பொண்ணு பாக்க வந்தவன வேண்டாம்னு சொன்னா ரிஜெக்ட். அவன் சொன்னது ஒவ்வொண்ணும் பொய்யின்னு ஆதாரத்தோட காட்டி அனுப்புனா ரிஃப்யூட்."

"ரெண்டாவது ஆளு ரொம்பப் பாவம்லா" என்றான் சாம்சன். எதிரே வந்த சைக்கிள்காரர் தன்னைத்தான் சொல்கிறானோ என்று பிரேக் போட்டார்.

'கன்சீட்' என்ற சொல்லைச் சொல்லிக்கொடுத்த அன்றைக்கு மழை. ஒரே குடை, இரண்டு பேருக்கும் நடுவில் அவளுடைய நோட்டுப் பை. எதிராளி பேச்சில் சரியான விஷயம் ஒன்று இருந்தால் மறைக்காமல் ஒத்துக்கொள்வதுதான் கன்சீட், அது தோற்பது ஆகாது, நல்ல விவாதக்காரனுக்குத்தான் அந்தத் தைரியம் வரும் என்றாள்.  அவன் அந்தச் சொல்லை வாய்க்குள் உருட்டிப் பார்த்துக்கொண்டே வந்தான். அவனுடைய ஒரு பக்கத் தோள் முழுக்க நனைந்திருந்ததை வீட்டு வாசலில்தான் அவள் கவனித்தாள். அன்று சாப்பாடு இறங்கவில்லை. சந்தோஷத்தில்தான்...

சுகிர்தாவுக்கு ஒரு கனவு இருந்தது. அப்பா ஞானதுரையின் பாத்திரக்கடைக்கு மேலே ஒரு அறை. உடைந்த பிளாஸ்டிக் நாற்காலியும், விற்காத அண்டாவும், பழைய தராசும் அடைந்து கிடக்கும். அதில் ஒரு இங்கிலீஷ் பேச்சு வகுப்பு தொடங்க வேண்டும். தறியில் நிற்கிற பெண்கள், பூக்கட்டுகிற பெண்கள், படித்தும் நாலு பேர் முன்னால் வாய் திறக்க வராத பிள்ளைகள்... அவர்களுக்காக. அப்பா சிரித்தார். உனக்கே பேச வருதா இல்லையான்னு முதல்ல பார்ப்போம், டிசம்பர் மாசம் மன்றத்துப் போட்டியில கப்பு வாங்கிட்டு வா, ரூம் உனக்கு என்றார். விளையாட்டுப்போலச் சொன்னாலும் ஞானதுரை சொன்ன சொல் மாறாத மனிதர். அந்தக் கோப்பையின் மேல்தான் அவள் மொத்த வகுப்பும் நின்றது.

போட்டியின் தலைப்பு, 'கடைகளில் பேரம் பேசும் பழக்கம் ஒழிய வேண்டும்.' கடைசிச் சுற்றுக்கு வந்தது இரண்டே பேர். முந்தின வாரமே சீட்டுக் குலுக்கியதில் ஒழிய வேண்டும் என்று பேச சுகிர்தா, கூடாது என்று பேச சாம்சன். பேரம் பேசியே பாத்திரம் விற்கிற கடைக்காரர் மகள்... முன்வரிசையில் ஞானதுரை தொண்டையைக் கனைத்துக்கொண்டார்.

ஆளுக்கு ஒரு அடி, திருப்பி ஒரு அடி என்று நன்றாகத்தான் போயிற்று. சாம்சனின் இங்கிலீஷ் இடறினாலும் கருத்து இடறவில்லை. அவன் சத்தத்தில் ஜன்னல் கொக்கி அதிர்ந்தது. கடைசியாக சுகிர்தா தன் பெரிய வாதத்தை எடுத்தாள். பேரத்தில் ஜெயிப்பது யார், வாய் உள்ளவர்தான். ஒரே குடத்தை, பேசத் தெரிந்தவள் குறைந்த விலைக்கு எடுத்துப் போகிறாள். கூச்சப்படுகிறவள் சொன்ன விலையைக் கொடுத்துவிட்டுப் போகிறாள். கூச்சத்துக்கு எதற்கு அபராதம்... என்று கேட்டு நிறுத்தினாள். ஞானதுரை தரையைப் பார்த்தார்.

மறுப்புக்கு சாம்சன் எழுந்தான். சட்டப்படி அவள் வாதத்தை அழகாகத் திருப்பிச் சொன்னான். அவளும் ஆமாம் என்றாள். சட்டைப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்துப் பிரித்தான்... பார்த்தான்... அவளைப் பார்த்தான். பிறகு அதை நாலாக மடித்தான்.

"நோ ரிபட்டல், மேடம்" என்று சொல்லி, மறுக்காமலே உட்கார்ந்துவிட்டான்.

கோப்பை சுகிர்தாவுக்கு. கைதட்டல், கேக், போட்டோ. இந்தச் சந்தோஷத்தைச் சொல்ல அவனைத் தேடினால் ஆளைக் காணோம். அவன் உட்கார்ந்திருந்த நாற்காலியில் அந்த மடித்த தாள் கிடந்தது. கொடுக்கலாம் என்றுதான் எடுத்தாள். பிரிக்காமல் இருந்திருக்கலாம்...

அவள் சொன்ன கடைசி வாதம் அதில் அப்படியே இருந்தது. அதற்குக் கீழே மறுப்பு, கோணல்மாணலான இங்கிலீஷில் மூன்று வரி. இரண்டு தடவை படித்தாள். நல்ல மறுப்பு. அதற்கு அவளிடம் பதில் இல்லை. கையில் இதை வைத்துக்கொண்டா நோ ரிபட்டல் என்றான். அந்த மாடி அறையின் கதையை அவள் சொல்லித் தெரிந்தவன்... பாவம், பெண் பிள்ளை, ஜெயித்துவிட்டுப் போகட்டும் என்று விட்டிருக்கிறான். கோப்பை திடீரென்று பிச்சைத் தட்டாகத் தெரிந்தது.

சுகிர்தாவின் ரோஷம் சாதாரண ரோஷம் இல்லை. அன்றைக்கே கோப்பையை மேடம் வீட்டில் திருப்பி வைத்துவிட்டு வந்தாள். ரூம் வேண்டாம் என்று அப்பாவிடம் சொன்னாள். புதன்கிழமை பஸ்ஸை விட்டுவிட்டு அடுத்த பஸ்ஸில் வந்தாள். இருட்டுகிற நேரத்தில் அந்தப் பஸ்ஸில் அழுதுகொண்டே வந்தாள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். பிடித்துப்போனவன் தன்னைச் சின்னவளாக நினைத்துவிட்டான் என்ற வலி வேறு எந்த வலி மாதிரியும் இல்லை.

சனிக்கிழமை மத்தியானம் சாம்சன் கடைக்கே வந்தான். கிறிஸ்துமஸ் நட்சத்திரத்தைக் கட்டிக்கொண்டிருந்த ஞானதுரை ஸ்டூலில் நின்றபடியே வாங்க தம்பி என்றார். சுகிர்தா எவர்சில்வர் தட்டுகளை அடுக்குவதை நிறுத்தவில்லை.

"மன்றத்துச் சட்டப்படியே பேசிக்கிடுதேன்" என்றான் அவன். "நீ நெனைக்கது இதான... பதில் தெரிஞ்சும் இவன் வாய மூடிக்கிட்டான். நம்ம மேல பாவப்பட்டுட்டான். நம்ம ஜெயிக்கல, ஜெயிக்க விட்டான். அதான?"

தட்டு கையில் நின்றது. தன் வலியை இன்னொருவர் வாயிலிருந்து இத்தனை சரியாகக் கேட்பது... "ஆமா. அதான்" என்றாள். 

"அது தப்பு. நான் பாவப்படல. திருடுனேன்."

மூச்சு வாங்கிக்கொண்டு சொன்னான். தறிக்கூடத்தில் பன்னிரண்டு தறியும் ஓடும்போது பேச்சு காதில் விழாது. ஒருத்தர் உதட்டைப் பார்த்து ஒருத்தர் புரிந்துகொள்வதுதான் வழக்கம். சின்ன வயதிலிருந்தே அவனுக்கு உதடு படிக்க வரும். முதல் நாள் பஸ்ஸில் அவள் ஒரு சத்தமும் போடவில்லை, வெறுமனே உதட்டை அசைத்தாள். அதைத்தான் அவன் படித்தான். அதன்பிறகு புதன்கிழமைதோறும் கம்பியில் சாய்ந்து நின்றது அதற்குத்தான்... அவள் தமிழில் சொல்லிப் பார்த்து, இங்கிலீஷில் மாற்றி, திணறி, தலையில் தட்டிக்கொள்கிற அழகைப் பார்க்க. போட்டிக்கு நாலு நாள் முன்னால் அவளுடைய கடைசி வாதத்தையும் அப்படித்தான் படித்துவிட்டான்.

"அதுக்குப் பதில் கண்டுபிடிக்க எனக்கு மூணு நாள் ஆச்சு. மேடையில முதல் தடவையா கேட்டிருந்தேன்னா முழிச்சிக்கிட்டுதான் நின்னிருப்பேன். திருடுன பொருள எப்படி எடுத்துக் காட்ட... அன்னைக்கே சொல்லியிருக்கணும். சொன்னா நீ அந்தப் பஸ்ல ஏற மாட்டியோன்னு பயந்துட்டேன்."

ஞானதுரைக்கு நம்பிக்கை வரவில்லை. ஸ்டூலிலிருந்து இறங்கி, கடையின் அந்தக் கோடிக்குப் போய், குத்துவிளக்கு வரிசைக்குப் பின்னால் நின்றுகொண்டு சத்தமில்லாமல் வாயை அசைத்தார். சாம்சன் தயங்கினான். "நல்ல பயலா இருக்கான், ஆனா தொண்டைதான்னு சொல்லுதீய, அண்ணாச்சி." ஞானதுரை வாயை மூடிக்கொண்டு தன் மேஜைக்குப் போய்விட்டார்.

சுகிர்தாவுக்கு என்ன செய்வதென்றே தெரியவில்லை. கோபமும் இருந்தது. இத்தனை வாரமாக நம் உதட்டையே பார்த்துக்கொண்டு வந்திருக்கிறான் என்ற நினைப்பில் முகமெல்லாம் சிவந்தும் போயிற்று. ஆனால் அவள் முதலில் விவாதக்காரி. அந்த மறுப்பை இப்போது சொல்லுங்கள், அப்பா கேட்கட்டும், தமிழிலேயே சொல்லுங்கள் என்றாள்.

அவன் சொன்னான். ஒரே விலை என்று எழுதி ஒட்டிவிட்டால் அந்தச் சீட்டுக்குக் கண் கிடையாது. மகள் கல்யாணத்துக்குச் சீர்ப் பாத்திரம் எடுக்க வந்து கையைப் பிசைகிறவர் முகத்தை அது பார்க்காது. உங்கப்பா பார்ப்பார். பார்த்துக் குறைப்பார். அந்த இரக்கத்துக்கு இருக்கிற ஒரே வாசல் பேரம்தான். அதையும் அடைத்துவிட்டால் இல்லாதவன் எங்கே போவான்?

ஞானதுரை மேஜைக்குப் பின்னால் நெஞ்சு நிமிர்ந்து உட்கார்ந்தார். ஒரு வாரமாகப் பதில் தேடிக்கொண்டிருந்த சுகிர்தா அப்பாவைப் பார்த்தாள். தூக்குவாளி வரிசைப் பக்கம் பார்த்தாள். அங்கே ஒரு பெண், பீடித்தூள் படிந்த விரல்கள், ஒரு வாளியை எடுத்து அடியில் எழுதியிருந்த விலையைப் பார்த்துவிட்டு, சத்தமில்லாமல் திரும்ப வைத்துக்கொண்டிருந்தாள்.

"அப்பாவுக்கு இரக்கம் உண்டு. கன்சீட் பண்ணுதேன்" என்றாள் மெதுவாக. "ஆனா அது கேட்டவங்களுக்குத்தான் கெடைக்கி. கேக்க வராதவங்க வாளிய வச்சிட்டுப் போயிருதாங்க. குறைக்கணும்னு மனசு இருந்தா, கேக்காமலே குறைக்கலாம்லா."

 ஞானதுரை எழுந்து போனார். அந்தப் பெண் வைத்த வாளியைத் தானே எடுத்துத் துடைத்து, அவளிடம் ஏதோ தணிந்த குரலில் சொன்னார். முதலில் நம்பாமல் பார்த்தவள், பிறகு வாளியை மார்போடு அணைத்துக்கொண்டு சிரித்தாள்.

"ஒத்துக்கிடுதேன்" என்றான் சாம்சன். "இதுக்கு என்ட்ட பதில் இல்ல. முழுசா கன்சீட்."

திரும்பி வந்த ஞானதுரை மகளிடம், ஏட்டி, அந்தக் கப்ப வாங்கிட்டு வா, அண்டாவ நாளைக்கே இறக்கிருதேன் என்று மட்டும் சொன்னார். சொல்லிவிட்டு நட்சத்திரத்தைக் கட்டப் போய்விட்டார்.

வகுப்பு ஜனவரியில் தொடங்குவதாக முடிவாயிற்று. அறைக்குச் சுண்ணாம்பு அடிக்கும்போது சாம்சன் வந்தான். பெஞ்சு தூக்கினான், கரும்பலகைக்கு ஆணி அடித்தான், தெருவுக்கே கேட்கிற மாதிரி எல்லாவற்றையும் பற்றிப் பேசினான். ஒன்றைத் தவிர. அதைப் பேசப்போகிறான் என்று அவள் இரண்டு தடவை நினைத்தாள். இரண்டு தடவையும் வாயைத் திறந்து, சுகிர்தா... என்று சொல்லி, ஆணி எங்கே என்று கேட்டான்.

ஊரையே அதட்டுகிற தொண்டை, இந்த ஒன்றுக்கு மட்டும் அடைத்துக்கொள்கிறது. கேட்க வராதவன்... என்று நினைத்ததுமே அவளுக்குச் சுருக்கென்றது. நாம் கடையில் பேசியது என்ன, இப்போது செய்துகொண்டிருப்பது என்ன. இவனும் வாளியை வைத்துவிட்டுப் போகும்வரை காத்திருக்கப் போகிறோமா?

தொடக்க விழா அழைப்பிதழை எடுத்துக்கொண்டு மறுநாள் காலை தறிக்கூடத்துக்குப் போனாள். வாசலில் நிற்கும்போதே காது அடைத்தது. பன்னிரண்டு தறியும் தடதடவென்று ஓடிக்கொண்டிருந்தன. அந்தக் கோடியில் அறுந்த இழையை முடிந்துகொண்டிருந்தான் சாம்சன்... முடியெல்லாம் பஞ்சு, இமையெல்லாம் பஞ்சு. நிமிர்ந்தான். அவளைப் பார்த்ததும் தறியை நிறுத்தப் போனான்.

நிறுத்த வேண்டாம் என்று கையைக் காட்டினாள். அவன் அப்படியே நின்றான்.

சத்தம் போட்டுச் சொன்னாலும் யாருக்கும் கேட்காது என்பது எவ்வளவு வசதி... ஆனால் அவள் சத்தம் போடவில்லை. சின்னப் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுப்பதுபோல, ஒவ்வொரு சொல்லாக, உதட்டால் மட்டும் சொன்னாள்.

"எனக்கு... உங்களப் புடிச்சிருக்கு. நீங்க கேக்க வேண்டாம். நானே குடுத்துட்டேன்."

அவன் கையிலிருந்த இழை நழுவியது. பக்கத்துத் தறிக்காரர் ஏதோ கத்தினார், அவனுக்குக் கேட்கவில்லை. தறிகளுக்கு நடுவே ஓடாத குறையாக நடந்து வந்து ஒரு அடி தூரத்தில் நின்றான். கண்ணில் ஈரம், இமையில் பஞ்சு. சுகிர்தா கொஞ்சம் பின்னால் சாய்ந்துகொண்டாள், இவன் இப்போது போடப்போகிற சத்தத்தில் ரத வீதி வரைக்கும் தெரிந்துவிடுமே என்று.

அவன் சத்தமே போடவில்லை. வாழ்க்கையில் முதல் தடவையாக, உதட்டை மட்டும் அசைத்தான்.

உதடு படிக்க அவள் யாரிடமும் பழகியதில்லை. ஆனாலும் மன்றத்துச் சட்டத்தை மறக்காமல், படித்ததை அவனிடம் திருப்பிச் சொல்லிக் கேட்டாள்.

"முதல் நாள் பஸ்லேருந்தே. அதான சொன்னீய?"

"ஆமா" என்றான் சாம்சன். "அதான்."